காலி மனையில் பூங்கா வரப்போகிறது. மரங்களுக்குப் பெயர் எழுதி வையுங்கள் என்று கேட்கலாமா?

கொருக்குப்பேட்டை வாசி எழுதியது:

வணக்கம். கொருக்குப்பேட்டை ரயில்வே கேட்டுக்குப் பக்கத்தில் குடியிருக்கிறேன். எங்கள் தெரு முனையில், பழைய பம்ப் ஹவுஸை ஒட்டி, ஒரு காலி மனை இருக்கிறது. ஐந்து கிரவுண்டு இருக்கும். இத்தனை நாள் கட்டட இடிபாடு கொட்டிக் கிடந்த இடம். அங்கே பூங்கா அமைக்கலாம், என்னென்ன வேண்டும் என்று தெருக்காரர்கள் மனு எழுதிக் கொடுங்கள் என்று இப்போது சொல்லியிருக்கிறார்கள்.

நலச் சங்கக் கூட்டத்தில் எல்லாரும் கேட்டது எட்டுப் போட்ட நடைபாதை, ஓப்பன் ஜிம், நீரூற்று. நான் ஒன்றே ஒன்று சொன்னேன். என் மகள் எட்டாவது படிக்கிறாள். போன மே மாதம் ஊட்டி தாவரவியல் பூங்காவைப் பார்த்துவிட்டு வந்ததிலிருந்து, "அங்க ஒவ்வொரு மரத்துக்கும் பேர் எழுதி மாட்டியிருக்காங்க, நம்ம தெருவுல ஒரு மரத்துக்கும் பேர் இல்லையேம்மா" என்று கேட்டுக்கொண்டே இருக்கிறாள். சின்னதாக இருந்தாலும் அந்த மாதிரி ஒரு பூங்கா நமக்கும் வேண்டும் என்றேன்.

சங்கத்தில் மூத்தவர் ஒருவர் கேட்டார்: "மரத்தோட பேர் தெரிஞ்சு என்னம்மா ஆகப்போகுது? நிழல் குடுத்தா போதாதா?" அவர் நல்ல மனிதர், குத்தலாகக் கேட்கவில்லை. எனக்குத்தான் பதில் வரவில்லை.

தாவரவியல் பூங்கா என்றால் என்ன, சாதாரணப் பூங்காவிலிருந்து எதில் வேறுபடுகிறது, எதற்காக ஆரம்பித்தார்கள்? நம் மெட்ராஸில், அதுவும் இந்த வடக்குப் பக்கத்தில், அப்படி ஒன்று எப்போதாவது இருந்ததா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள். வரும் ஞாயிறு மறுபடி கூட்டம்.

செடிக்காரர் எழுதியது:

அம்மா, பழைய வண்ணாரப்பேட்டையிலிருந்து எழுதுகிறேன். ஒரு கல்லூரியின் தாவரவியல் துறையில் 31 வருஷம் ஆய்வுக்கூட உதவியாளராக இருந்து ஓய்வு பெற்றவன். பட்டம் எதுவும் வாங்கவில்லை. நாளைக்குப் பிராக்டிகலுக்கு இந்தப் பூ வேண்டும் என்று பேராசிரியர் சொன்னால், அது எந்த மதில் ஓரத்தில் பூத்திருக்கிறது என்று தெரிந்து, காலை ஏழு மணிக்குள் பறித்து ஈரத் துணியில் சுற்றி மேஜையில் வைப்பது என் வேலை. மணலி, மாதவரம், எண்ணூர்க் கழிமுகம் என்று சைக்கிளிலேயே சுற்றியிருக்கிறேன். கொஞ்சம் நீளமாக எழுதுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் அந்தப் பெரியவர் கேட்டதற்கு வருகிறேன். பேர் தெரியாவிட்டால் என்ன ஆகும் என்ற பயத்திலிருந்துதான் தாவரவியல் பூங்காவே பிறந்தது. பாரிமுனைக்குப் பக்கத்தில் ராசப்ப செட்டி தெருவில் நாட்டு மருந்துக் கடைகளைப் பார்த்திருப்பீர்கள். வேரும் பட்டையும் காய்ந்து சுருங்கி மூட்டையில் கிடக்கும்போது ஒன்றுக்கும் மற்றொன்றுக்கும் வித்தியாசம் காண்பது பழகிய கைக்கே சிரமம். ஏறக்குறைய 500 வருஷத்துக்கு முன் இத்தாலியிலும் இதே சிக்கல்தான். வைத்தியம் படிக்கிற பையன்கள் ஏட்டில் படித்த மூலிகையை உயிரோடு பார்த்ததே கிடையாது. மருந்து விற்கிறவர் எதை எடுத்துக் கொடுத்தாலும் அதுதான் மருந்து. மாறிப்போனால் நோயாளியின் உயிர் போகும். அதனால் 1545-இல் பதுவா நகரத்தில், பல்கலைக்கழக மாணவர்களுக்கு மூலிகைகளை மண்ணில் வளர்த்துக் காட்டுவதற்கென்றே ஒரு தோட்டம் போட்டார்கள். பீசா நகரத்திலும் ஏறக்குறைய அதே நேரத்தில் ஒன்று வந்தது. பதுவாத் தோட்டம் போட்ட இடத்திலேயே இன்றைக்கும் இருக்கிறது. ஆரம்பத்தில் ராத்திரியில் வந்து மூலிகையைத் திருடிக்கொண்டு போனார்களாம், அதற்காகத்தான் அதைச் சுற்றி வட்டமாக மதில் எழுப்பினார்கள். 1585-இல் நட்ட பனை இனத்து மரம் ஒன்று அங்கே இன்னும் நிற்கிறது. லண்டனில் செல்சி என்ற இடத்தில் மருந்து தயாரிப்பவர்களின் சங்கம் 1673-இல் தொடங்கிய தோட்டமும் இதே காரணத்துக்காகத்தான்.

சரி, வித்தியாசம் என்ன? பூங்காவில் மரம் இருக்கும். தாவரவியல் பூங்காவில் மரமும் இருக்கும், அந்த மரத்துக்கு ஒரு பதிவேடும் இருக்கும். இந்தச் செடி என்ன, எந்த ஊரிலிருந்து வந்தது, விதையாக வந்ததா பதியனாக வந்ததா, யார் கொண்டுவந்தார், எந்தத் தேதியில் நட்டார்கள், எப்போது பூத்தது, எப்போது செத்தது. மரத்தில் தொங்குகிற தகடு அந்தப் பதிவேட்டின் நுனி மட்டும்தான். பதிவேடு இல்லாமல் தகடு மட்டும் மாட்டினால், பத்து வருஷத்தில் தகடு துருப்பிடிக்கும், அத்தோடு கதை முடிந்தது.

இதை நான் கண்ணால் பார்த்தேன். எங்கள் கல்லூரியில் ஆய்வுக்கூடத்துக்குப் பின்னால் சின்னத் தோட்டம் ஒன்று இருந்தது. ஒரு கிரவுண்டுகூட வராது. எனக்கு முன்னால் இருந்தவர் ஆரம்பித்த நீல அட்டை போட்ட நோட்டில் 140 சொச்சம் செடிகள் எழுதியிருந்தன. நானும் 20 வருஷத்துக்கு மேல் அதே நோட்டில் எழுதினேன். துறையை வேறு கட்டடத்துக்கு மாற்றிய வருஷம், நான் அம்மாவின் காரியத்துக்கு ஊருக்குப் போயிருந்தபோது, பழைய அலமாரியை அப்படியே எடைக்குப் போட்டுவிட்டார்கள். நோட்டும் போய்விட்டது. திரும்பி வந்து பழைய பேப்பர் கடை கடையாக அலைந்தேன், கிடைக்கவில்லை. மரங்கள் எல்லாம் அப்படியேதான் நின்றன, ஒரு கிளைகூட வெட்டுப்படவில்லை. ஆனால் அடுத்த வாரம் ஒரு மாணவி ஒரு மரத்தைக் காட்டி, "இது எங்கிருந்து வந்ததுண்ணா?" என்று கேட்டபோது என்னால் சொல்ல முடியவில்லை. எனக்கு முந்தையவர் நட்ட மரம் அது. அவர் போய்ச் சேர்ந்து வருஷம் ஆகியிருந்தது. அன்றைக்கு அந்த இடம் எனக்கு வெறும் மரம் நிற்கிற இடமாகிவிட்டது.

இதோடு சேர்ந்த இன்னொரு வேலை உலர்தாவரத் தாள் செய்வது. ஹெர்பேரியம் என்பார்கள். இலை, பூ, காய் மூன்றும் உள்ள ஒரு கிளையை ஒடித்துவந்து, பழைய செய்தித்தாளின் மடிப்புக்குள் பரப்பவேண்டும். ஒரு இலையாவது முதுகு மேலே தெரிகிற மாதிரி திருப்பி வைக்கவேண்டும், ஏனென்றால் பாதி அடையாளம் இலையின் அடியில்தான் இருக்கும். அப்புறம் இரண்டு மரச்சட்டத்துக்கு நடுவில் வைத்துக் கயிற்றால் இறுக்கிக் கட்டி, முதல் வாரம் தினமும் தாளை மாற்றவேண்டும். ஐப்பசி மழையில் ஒரு நாள் மறந்தால் பூஞ்சை பிடித்துவிடும். காய்ந்ததும் பூச்சி அரிக்காமல் மருந்தில் நனைத்து, கெட்டித் தாளில் ஒட்டி, காம்பை நூலால் தைத்து, வலது பக்கக் கீழ் மூலையில் சீட்டு ஒட்டவேண்டும். நன்றாகச் செய்த தாள் 200 வருஷம் தாங்கும். கோயம்புத்தூரில் இன்றைக்கும் மெட்ராஸ் ஹெர்பேரியம் என்ற பழைய பெயரிலேயே அப்படிப்பட்ட தாள்கள் லட்சக்கணக்கில் இருக்கின்றன.

அடுத்து, மெட்ராஸில் இருந்ததா என்று கேட்டீர்கள். இருந்தது. கம்பெனிக் காலத்தில் ஜேம்ஸ் ஆண்டர்சன் என்ற தலைமை வைத்தியர் சைதாப்பேட்டையில் ஒரு தோட்டம் போட்டார். அதில் பெரும்பாலும் சப்பாத்திக்கள்ளி. அந்தக் கள்ளியில் வாழ்கிற ஒரு பூச்சியை நசுக்கினால் ரத்தச் சிவப்பில் சாயம் வரும். மெக்சிகோவிலிருந்து அதை விற்றுக்கொண்டிருந்த ஸ்பெயின்காரர்கள் பூச்சியை வெளியே விடவே இல்லை. அந்த வியாபாரத்தைப் பிடிக்கத்தான் இந்தத் தோட்டம். கடைசிவரை அசல் பூச்சி கிடைக்காமல் மட்ட ரகம்தான் வந்து சேர்ந்தது. 1800 வாக்கில் தோட்டத்தை மூடிவிட்டார்கள். செடிகளில் கொஞ்சம் பெங்களூரு லால்பாக்குக்குப் போயின. நாங்கள் சின்ன வயதில் தண்டவாள ஓரத்தில் கள்ளிப்பழம் பிடுங்கித் தின்று நாக்குச் சிவக்க வீட்டுக்குப் போவோம். அந்தக் கள்ளியும் இந்த ஊர்ச் செடி இல்லை, அமெரிக்காவிலிருந்து கடல் தாண்டி வந்தது என்று வேலைக்குச் சேர்ந்த பிறகுதான் தெரிந்துகொண்டேன்.

1835-இல் வேளாண் தோட்டக்கலைச் சங்கம் தொடங்கியது. கதீட்ரல் சாலையில் அதன் தோட்டம் இருந்தது. அதில் முன்னால் நின்றவர்களில் ராபர்ட் வைட் என்ற வைத்தியர் ஒருவர். தென்னிந்தியச் செடிகளைப் படங்களோடு ஆறு தொகுதியாக 1838-லிருந்து 1853 வரை வெளியிட்டார். அந்தப் படங்களை வரைந்தவர்கள் ரங்கையா, கோவிந்து என்ற நம் ஊர் ஓவியர்கள். படங்களின் மூலையில் அவர்கள் பெயர் இருக்கிறது. கோவிந்துவின் பெயரை ஆர்க்கிட் செடிகளில் ஒரு பேரினத்துக்கே வைட் வைத்தார். ஒரு வரைபடக்காரருக்கு அந்தக் காலத்தில் அந்த மரியாதை கிடைத்தது எனக்குப் பெரிய விஷயம்.

இதெல்லாம் தெற்குப் பக்கம். நம் பக்கத்துக்கு வந்தது பீப்பிள்ஸ் பார்க். அது தாவரவியல் பூங்கா இல்லை, பொதுஜனப் பூங்கா. கவர்னர் டிரெவெலியன் 1859-இல் வந்தவர், வெள்ளைக்காரர்களுக்கும் கறுப்பர் நகரத்துக்கும் பொதுவாகக் காற்று வாங்க ஓர் இடம் வேண்டும் என்று ஏற்பாடு செய்தது. 116 ஏக்கர். குளங்கள், பாண்டு வாத்திய மேடை, மிருகக்காட்சிசாலை எல்லாம் இருந்தன. அப்புறம் அதிலிருந்து விக்டோரியா பொது மண்டபத்துக்கு ஒரு துண்டு, 1900-இல் மூர் மார்க்கெட்டுக்கு ஒரு துண்டு, ரிப்பன் கட்டடத்துக்கு ஒரு துண்டு, விளையாட்டரங்கத்துக்கு ஒரு துண்டு. மிருகங்கள் வண்டலூருக்குப் போயின. மை லேடிஸ் கார்டன் என்ற கொஞ்சம் பாக்கி நிற்கிறது. சென்ட்ரலில் இறங்கி நேரு ஸ்டேடியம் வரை நடக்கிறவர்களில் எத்தனை பேருக்கு இது முழுவதும் ஒரே பூங்காவாக இருந்தது என்று தெரியும்? காலி இடம் என்றால் எடுத்துக்கொள்ளலாம் என்று எல்லாருக்கும் தோன்றும். 212-ஆம் எண் மரம், இன்னார் நட்டது, இந்தத் தேதியில் முதலில் பூத்தது என்று ஒரு பதிவேடு இருந்தால், எடுக்கிறவர் கை ஒரு நிமிஷமாவது தயங்கும். மனுவில் முதல் வரியாகப் பதிவேட்டை எழுதுங்கள்.

எண்ணூர்க்காரன் எழுதியது:

ஐயா எழுதியதை மரியாதையோடு படித்தேன். ஒரு விஷயத்தைச் சொல்லாமல் விட முடியவில்லை. என் தாத்தாவின் அப்பா நாகப்பட்டினத்தில் கப்பலேறி மலாயாவுக்கு ரப்பர் வெட்டப் போனவர். கங்காணி பேசி அனுப்பிய கூலி. வெயில் ஏறினால் பால் சுரப்பது குறைந்துவிடும் என்பதால் இருட்டோடு எழுந்து நெற்றியில் விளக்கு கட்டிக்கொண்டு மரம் மரமாகப் போவாராம். கூடப் போன தம்பி அங்கேயே காய்ச்சலில் போய்விட்டார். அந்த ரப்பர் மரம் மலாயாவின் மரமே இல்லை, லண்டனில் இருக்கிற கியூ என்ற தாவரவியல் பூங்கா வழியாக வந்தது என்று படித்தேன். அப்படியென்றால் இந்தத் தாவரவியல் பூங்காக்கள் கொள்ளைக்காரர்களின் கிடங்கு இல்லையா? நாம் ஏன் அதைப் பின்பற்றவேண்டும்?

செடிக்காரர் எழுதியது:

தம்பி, நீங்கள் சொல்வது உண்மை. அதை மறைத்து இந்தக் கதையைச் சொல்லக்கூடாது.

1876-இல் ஹென்றி விக்கம் என்பவர் பிரேசிலிலிருந்து ஏறக்குறைய 70,000 ரப்பர் விதைகளைக் கியூவுக்குக் கொண்டுபோனார். ரப்பர் விதை சீக்கிரம் செத்துப்போகும், அதனால் நூற்றுக்கு நான்குகூட முளைக்கவில்லை. முளைத்த கன்றுகள் கொழும்புக்கும், பிறகு சிங்கப்பூர் தாவரவியல் பூங்காவுக்கும் போயின. அங்கே 1888-இல் பொறுப்புக்கு வந்த ரிட்லி, மரம் சாகாமல் தினமும் மெல்லிசாகப் பட்டையைச் சீவிப் பால் எடுக்கிற முறையைக் கண்டுபிடித்தார். உங்கள் தாத்தாவின் அப்பா கையில் பிடித்த கத்தியின் வேலை அந்தத் தோட்டத்தில் பழகிப் பார்த்த வேலை. அது இல்லையென்றால் அத்தனை தமிழர்களை அங்கே கூட்டிப்போயிருக்க மாட்டார்கள். சிங்கப்பூர்ப் பூங்காவை 2015-இல் உலகப் பாரம்பரிய இடமாக அறிவித்தபோது ரப்பரும் ஒரு காரணம். அந்தப் பெருமையில் உங்கள் தாத்தாவின் அப்பாவுக்கும், திரும்பி வராத அவர் தம்பிக்கும் பங்கு உண்டு.

ஊட்டியிலும் இதே மாதிரி ஒரு கதை. 1848-இல் அங்கே தோட்டத்தை அமைத்த மெக்கைவர்தான் பிறகு நீலகிரியில் சிங்கோனா மரங்களை வளர்த்தார். அது தென்னமெரிக்க மலைகளிலிருந்து 1860 வாக்கில் கொண்டுவந்தது. அதன் பட்டையில்தான் மலேரியாவுக்கான கொய்னா மருந்து. முதலில் ராணுவத்துக்குத்தான் என்றாலும், பிற்பாடு தபாலாபீசில் காசுக்குப் பொட்டலம் என்று சாதாரண ஜனங்களுக்கும் விற்றார்கள். மலேரியாவில் செத்துக்கொண்டிருந்த ஊர்களுக்கு அந்தப் பொட்டலம் என்ன என்பதை எங்கள் பாட்டி சொல்லக் கேட்டிருக்கிறேன். பிழைத்தவர்களில் அவரும் ஒருவர். ஒரே தோட்டம், ஒரே வேலை. யாருக்காக என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

அழகுக்கென்று தோட்டத்தில் கொண்டுவந்து வைத்த உண்ணிச்செடி காட்டை மூடிவிட்டது. பூ நன்றாக இருக்கிறதே என்று வளர்த்த ஆகாயத்தாமரை இன்றைக்குப் பக்கிங்ஹாம் கால்வாயை என்ன செய்கிறது என்று வியாசர்பாடிப் பாலத்தில் நின்று பார்த்தால் தெரியும்.

ஆனால் அந்த முறையை நம் கையில் எடுத்துக்கொண்டால் வேறு மாதிரியும் நடக்கும். திருவனந்தபுரத்துக்குப் பக்கத்தில் பாலோட்டில் 1979-இல் தொடங்கிய தாவரவியல் பூங்கா இருக்கிறது. அங்கே உள்ள விஞ்ஞானிகள் அகத்தியமலையில் ஏறும்போது, கூட வந்த காணிக்காரர்கள் என்ற மலைப் பழங்குடியினர் ஒரு சின்னப் பழத்தைத் தின்றுகொண்டே களைப்பில்லாமல் நடப்பதைப் பார்த்தார்கள். ஆரோக்கியப்பச்சை என்ற அந்தச் செடியிலிருந்து மருந்து செய்து, வந்த உரிமைத் தொகையில் பாதியைக் காணி மக்களின் அறக்கட்டளைக்கே கொடுத்தார்கள். அதில் சண்டை சச்சரவும் வந்தது. இருந்தாலும் கொடுக்கவேண்டும் என்று தொடங்கியதே பெரிய விஷயம் என்று நினைக்கிறேன்.

உங்கள் மகளுக்காக இன்னொன்று சொல்கிறேன் அம்மா. இந்தியப் பெருங்கடலில் மொரீஷியஸுக்குக் கிழக்கே ரோட்ரிக்ஸ் என்று ஒரு தீவு. அங்கே மட்டுமே வளர்கிற, காப்பிக் குடும்பத்தைச் சேர்ந்த ஒரு செடி அழிந்தேபோனது என்று எல்லாரும் முடிவு கட்டியிருந்தார்கள். 1980-இல் ஒரு பள்ளி ஆசிரியர் அந்தச் செடியின் பழைய படத்தை வகுப்பில் காட்ட, ஒரு பையன் எழுந்து இது எங்கள் வீட்டுப் பக்கத்தில் இருக்கிறது என்றான். உலகத்திலேயே அந்த ஒன்றுதான் மிச்சம். விஷயம் பரவியதும் மருந்துக்கென்று ஜனங்கள் கிளையை ஒடிக்க ஆரம்பித்தார்கள், வேலி போட்டும் நிற்கவில்லை. 1986-இல் ஒரு குச்சியை விமானத்தில் கியூவுக்கு அனுப்பினார்கள். வேர் பிடித்தது, பூத்தது, ஆனால் காய்க்கவில்லை. ஒரு தோட்டக்காரர் விடாமல் முயன்று 2003 வாக்கில்தான் முதல் விதையை எடுத்தார். அந்த விதைகள் தீவுக்கே திரும்பிப் போயின. ஒரு சிறுவனுக்குச் செடியின் முகம் தெரிந்திருந்தது. உங்கள் கூட்டத்தில் அந்தப் பெரியவருக்கு இதைச் சொல்லுங்கள்.

ஒற்றியூர் மகிழம் எழுதியது:

நான் திருவொற்றியூர். எங்கள் கோயிலில் தலமரம் மகிழம். அதன் அடியில்தான் சங்கிலி நாச்சியாருக்குச் சுந்தரர் சத்தியம் செய்து கொடுத்தார். ஒவ்வொரு கோயிலுக்கும் ஒரு மரம் என்று நம் ஆட்கள் வைத்துக் காப்பாற்றியதும் இதே வேலைதானே? இன்னொன்று, நடைபாதையும் பெஞ்சும் கேட்கிறவர்களை விட்டுவிடாதீர்கள். 1949 செப்டம்பர் 18-ஆம் தேதி ராயபுரம் ராபின்சன் பூங்காவில் கொட்டுகிற மழையில் திமுக தொடக்கக் கூட்டம் நடந்தபோது என் அப்பா பத்து வயதுப் பையன், என் தாத்தா தோளில் ஏறி நின்று பார்த்தார். ஜனங்கள் கூடுகிற இடம் வேண்டும். வெறும் செடிகொடிக்கு மட்டும் என்றால் பூட்டுப் போட்டுவிடுவார்கள்.

செடிக்காரர் எழுதியது:

ஒற்றியூர் அம்மா, பெஞ்ச் விஷயத்தில் நீங்கள் சொல்வதுதான் சரி. ஜனங்கள் உட்காராத தோட்டத்தை யாரும் காப்பாற்ற மாட்டார்கள். நடைபாதை போடுங்கள், அதன் ஓரத்தில் மரங்களை வையுங்கள்.

தலமரமும் காப்பாற்றிய மரம்தான், மறுக்கவில்லை. தலமரத்தில் ஒன்றே ஒன்றுக்கு மரியாதை. நான் கேட்பது வேலியோரத்துக் குப்பைமேனிக்கும் அதே மரியாதை.

கொருக்குப்பேட்டை அம்மா, ஐந்து கிரவுண்டில் ஊட்டி மாதிரி முடியாது, வேண்டியதும் இல்லை. இந்தக் கரையோரத்துக்கென்று ஒரு காடு இருந்தது. உயரம் குறைவு, வெயில் காலத்திலும் பச்சை மாறாது. உலக்கைப்பாலை, வீரை, மகிழம், நாவல், இலுப்பை, பூவரசு, புங்கன் என்று 15 மரம் போதும். வர்தா புயல் 2016 டிசம்பர் 12-ஆம் தேதி அடித்தபோது எங்கள் தெருவில் மே ஃப்ளவர் மரமும் தூங்குமூஞ்சியும்தான் ரோட்டில் கிடந்தன, பூவரசு நின்றது. மாதவரத்தில் தோட்டக்கலைத் துறையின் தாவரவியல் பூங்கா இருக்கிறது, ஒரு சனிக்கிழமை மகளைக் கூட்டிப்போய்த் தகடுகளில் என்னென்ன எழுதியிருக்கிறது என்று பார்த்துவிட்டு வாருங்கள்.

தகட்டை ஆணி அடித்து மாட்டவிடாதீர்கள். மரம் பருக்கும்போது தகட்டையே விழுங்கிவிடும், ஆணி போன வழியில் கரையானும் போகும். ஸ்பிரிங் கம்பியில் கோத்துக் கட்டினால் மரத்தோடு சேர்ந்து விரிந்துகொடுக்கும்.

பூங்கா வருவதற்கு முன்னாலேயே பதிவேட்டை ஆரம்பிக்கலாம். அந்த மனையில் இப்போது நிற்கிற மரம் ஏதாவது உண்டா?

கொருக்குப்பேட்டை வாசி எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில் ரோட்ரிக்ஸ் பையனின் கதையைச் சொன்னேன். பெரியவர் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். அப்புறம், "நோட்டுக்கு நான் காசு குடுக்கறேன்" என்றார். மனுவில் நடைபாதையும் பெஞ்சும் இருக்கின்றன, நீரூற்றை எடுத்துவிட்டோம். முதல் வரி பதிவேடு.

நீங்கள் கேட்டது, மனையில் ஒரே ஒரு மரம் இருக்கிறது ஐயா. பம்ப் ஹவுஸ் சுவரை ஒட்டி. இடிபாட்டில் பாதி புதைந்திருந்தது. இலை மே ஃப்ளவர் மாதிரியே பொடிப்பொடியாக இருக்கிறது. பூ சிவப்பு இல்லை, வெள்ளை. மறுநாள் பார்த்தால் மஞ்சளாகிவிடுகிறது. நடுவில் நீளமாகச் சிவந்த நூல் மாதிரி நீட்டிக்கொண்டிருக்கிறது. இது நோய் வந்த மே ஃப்ளவரா?

செடிக்காரர் எழுதியது:

நோய் இல்லை அம்மா! எழுந்து உட்கார்ந்துவிட்டேன். மே ஃப்ளவர் மடகாஸ்கரிலிருந்து வந்தது. நீங்கள் சொல்வது அதன் அக்கா மாதிரி, நம் பக்கத்திலேயே ரொம்பக் காலமாக இருக்கிற மரம். காய் தட்டையாக, மே ஃப்ளவர் காயைவிடச் சின்னதாக இருக்கிறதா என்று பாருங்கள். அப்புறம் தெருவில் யாராவது வயதானவர்களை அழைத்துப்போய் அந்த இலையைக் காட்டி, இதை என்ன செய்வீர்கள் என்று கேளுங்கள். பேர் நான் சொல்லமாட்டேன், அவர்கள் வாயிலிருந்து வரட்டும். சுற்றளவையும் அளந்து எழுதுங்கள். தரையிலிருந்து நாலரை அடி உயரத்தில் டேப்பைச் சுற்றவேண்டும்.

கொருக்குப்பேட்டை வாசி எழுதியது:

காய் தட்டைதான், சின்னதுதான். எதிர்வீட்டு ஆயாவை மகள் கையைப் பிடித்துக் கூட்டிவந்தாள். தூரத்திலிருந்தே பார்த்துவிட்டு, "இத வெச்சுக்கினா மூட்டு வலின்னு ஆஸ்பத்திரிக்கு அலஞ்சோம்?" என்று கேட்டார். ஒரு கைப்பிடி உருவி மடியில் கட்டிக்கொண்டு போனார். சாயங்காலம் அந்த இலை அரைத்துப் போட்ட அடை எங்கள் வீட்டுக்கும் வந்தது.

மகள் நோட்டில் எழுதியதை அப்படியே தருகிறேன்:

எண் 1. வாதநாராயணன். பம்ப் ஹவுஸ் சுவர் ஓரம். யார் நட்டது என்று தெரியவில்லை. சுற்றளவு 94 சென்டிமீட்டர். பேர் சொன்னது எதிர்வீட்டு ஆயா.